வோல்காக் கரை வாளும் கஞ்சமலை இரும்பும்

சேலத்தை அடுத்த கஞ்சமலையில் வெட்டிய இரும்பு கப்பலேறிப் பாரசீகம் சென்று, அங்கிருந்து வோல்கா நதி வழியே பனி மூடிய வடநாடுகளை எட்டி, வைக்கிங்குகள் என்னும் கடலோடிகளின் இடையில் வாளாய்த் தொங்கிற்று என்று எவரேனும் சேலத்து மேடையொன்றில் முழங்கினால், கேட்கின்ற நமக்கு மெய் சிலிர்ப்பது இயல்பே. ஆனால் அந்த ஒரு வாக்கியத்தில் சரித்திரம் எத்தனை பங்கு, ஆசை எத்தனை பங்கு என்று பகுத்துப் பார்ப்பதற்கு உலோக சாஸ்திரமும் புதைபொருள் ஆராய்ச்சியும் இன்று நமக்குப் போதிய கருவிகளைத் தந்திருக்கின்றன.

முதலில், அந்த வடநாட்டாருக்கும் அரபு உலகத்துக்கும் இருந்த தொடர்பில் சந்தேகத்துக்கே இடமில்லை. வைக்கிங்குகள் என்றதும் இங்கிலாந்தின் கடற்கரை மடங்களைக் கொள்ளையிட்ட கொடியோர் என்ற சித்திரமே நம் பாடப்புத்தகங்களில் நிற்கிறது. அவர்களுள் ஒரு பிரிவினர் கிழக்கு நோக்கித் திரும்பி, ரஷ்ய நதிகளில் படகு விட்டு, ரூஸ் என்ற பெயருடன் மயிர்த்தோலும் அடிமைகளும் வாளும் விற்ற வியாபாரிகளாகப் பேர் பெற்ற கதை அவ்வளவாகப் பேசப்படுவதில்லை. அவர்கள் தங்கள் பண்டங்களை ஒட்டகத்தில் ஏற்றிப் பாக்தாத் வரை கொண்டுவந்ததுண்டு என்று ஒன்பதாம் நூற்றாண்டில் இப்னு குர்தாத்பி என்ற பூகோள ஆசிரியர் எழுதி வைத்திருக்கிறார். 921-ல் கலீபா அல்-முக்ததிர் அனுப்பிய தூதுக்குழுவில் பாக்தாதை விட்டுப் புறப்பட்டு, மறு ஆண்டு வோல்காக் கரையிலிருந்த பல்கார் அரசனிடம் சென்று சேர்ந்த இப்னு ஃபள்லான், பேரீச்ச மரம்போல் நெடிது வளர்ந்த இந்த மனிதர்களை நேரிலேயே கண்டார். அவர்களுடைய தேகக்கட்டை வியந்தார், அசுத்தத்தைக் கண்டு முகஞ்சுளித்தார். இறந்துபோன தலைவன் ஒருவனைக் கப்பலோடு வைத்து எரித்த சடங்கை ஒரு விவரமும் விடாமல் எழுதினார். ஒவ்வொருவனும் கோடாலியும் கத்தியும் வாளும் தன்னை விட்டு அகலாமல் வைத்திருந்தான் என்றும், அந்த வாள்கள் அகன்றவை, பள்ளம் ஓடியவை, மேற்கு ஐரோப்பியரான பிராங்கியரின் மாதிரியைச் சேர்ந்தவை என்றும் அவர் குறித்தது நம் விஷயத்துக்கு முக்கியமானது.

பண்டங்களுக்கு விலையாக வடக்கே சென்றது வெள்ளி. 1999-ல் சுவீடனைச் சேர்ந்த காட்லாந்துத் தீவில், ஸ்பில்லிங்ஸ் என்னும் பண்ணை நிலத்தில் 67 கிலோ வெள்ளி வெளிப்பட்டது. அதில் இருந்த பதினாலாயிரத்துக்கு மேற்பட்ட காசுகளில் மிகப் பெரும்பாலானவை அரபு எழுத்துப் பொறித்த திர்ஹம்கள். எழுத்தையும் அரசன் பெயரையும் அந்த வடநாட்டார் பொருட்படுத்தவில்லை. தராசில் நின்ற எடையே அவர்களுக்குப் பெரிது, எடை குறைந்தால் காசையே வெட்டிப் போட்டுச் சரிக்கட்டுவார்கள். அந்நிய நாட்டு வெள்ளி மண்ணுக்குள் போவது நம் சேலத்துச் சமவெளிக்கும் புதிதல்ல. 1987-ல் சேலத்துக் கோனேரிப்பட்டியில் ரோமானிய வெள்ளிக் காசுகள் கிடைத்தன. இன்னும் விசேஷமானது, 1956-ல் சுவீடனின் ஹெல்கோ தீவில் அகழ்ந்தெடுத்த சிறிய வெண்கலப் புத்தர். ஆறாம் நூற்றாண்டை ஒட்டி இந்தியாவின் வடமேற்கு எல்லையில் வார்க்கப்பட்ட அவர், எத்தனையோ கைமாறி, தம் தர்மத்தைக் கேட்டேயிராத ஜனங்களிடையே போய் அமர்ந்திருந்தார்.

இனி வாளுக்கு வருவோம். கலீபா அல்-முஃதசிமுக்காக, 833-க்கும் 842-க்கும் இடையில், பாக்தாத் தத்துவ ஞானி அல்-கிந்தி வாள்களைப் பற்றி ஒரு நூல் செய்தார். தத்துவ ஞானிக்கு வாளில் என்ன வேலை என்று வியக்கலாம். அந்தக் காலத்து அறிஞர்கள் எதையும் தமக்குப் புறம்பானதென்று ஒதுக்கவில்லை. இந்திய வாளும், சரந்தீபம் என்ற இலங்கையின் எஃகால் செய்த வாளும், வடநாட்டார் ஏந்திய அந்தப் பிராங்கிய மாதிரி வாளும் அந்த ஒரே நூலில் தரம் பிரித்துப் பேசப்படுகின்றன. நமக்கும் வடநாட்டாருக்கும் ஒருவரையொருவர் தெரியாது. பாக்தாதில் உட்கார்ந்திருந்த ஒருவருக்கு இருவர் சரக்கும் தெரிந்திருந்தது.

ஐரோப்பாவில் கிடைத்த வைக்கிங் கால வாள்களுள் ஏறத்தாழ 170-ல் உல்ஃப்பெர்ஹ்ட் என்ற பெயர் இரும்பெழுத்தில் பதிக்கப்பட்டிருக்கிறது. லண்டனில் வாலஸ் காட்சிசாலையுடன் தொடர்புடைய ஆலன் வில்லியம்ஸ் அவற்றிற் சிலவற்றைச் சோதித்து, 2009-ல் முடிவுகளை வெளியிட்டார். எழுத்துப் பிழையோடு பெயர் பொறித்தவை பலவும் மட்டமான போலிகளாக இருக்க, வேறு சிலவற்றில் ஒரு சதவீதத்துக்கு மேல் கரிமம் கலந்த, கசடு அநேகமாக இல்லாத உயர்ந்த எஃகு காணப்பட்டது. அன்றைய ஐரோப்பியக் கொல்லனுடைய உலையில் இரும்பு உருகுவதில்லை; கடற்பஞ்சு போன்ற கட்டியாக வெளிவந்ததைச் சம்மட்டியால் அடித்தடித்தே கசட்டைப் பிழிய வேண்டும், எவ்வளவு பிழிந்தாலும் மிச்சம் தங்கும். கசடற்ற எஃகு வேண்டுமானால் இரும்பை மூசை என்னும் களிமண் கலத்துக்குள் இட்டு முழுதும் உருக்க வேண்டும். அந்த வித்தை கிழக்கத்திய வித்தை. ஆகவே வோல்கா வழியாக வந்த எஃகே இது என்பது வில்லியம்ஸின் அபிப்பிராயம்.

அந்த வித்தை நம் சேலத்துச் சமவெளியில் எப்படி நடந்தது என்பதற்குப் பத்தொன்பதாம் நூற்றாண்டின் கண்கண்ட சாட்சி உண்டு. சேலத்துப் பக்கம் கிழக்கிந்தியக் கம்பெனி உத்தியோகம் பார்த்து, பின்பு பரங்கிப்பேட்டையில் இரும்பாலை வைத்த ஜோசையா ஹீத் என்ற ஆங்கிலேயர் இதை விவரித்திருக்கிறார். காந்தத்தில் ஒட்டும் கருந்தாது வெள்ளைக் கல்லோடு ஏறக்குறையச் சரிபாதியாகப் பிணைந்து கிடக்கும். அதை இடித்து, நீரில் அலசியோ முறத்தில் புடைத்தோ கல்லை நீக்குவார்கள். ஆட்டுத்தோல் துருத்தி கொண்டு சிற்றுலையில் காய்ச்சி, அடித்து, சிறு துண்டுகளாக நறுக்குவார்கள். அந்தத் துண்டுகளை உமி கலந்து பிசைந்த களிமண் மூசைக்குள் இட்டு, உலர்ந்த ஆவாரம் விறகுச் சிறாம்புகளைச் சேர்த்து, மேலே எருக்கிலை ஒன்றிரண்டை மூடி, வாயைக் களிமண்ணால் அடைப்பார்கள். இருபது, இருபத்துநான்கு மூசைகளை வளைவாக அடுக்கி, இரண்டரை மணி நேரம் இடைவிடாமல் துருத்தி ஊதி, ஆறவிட்டு உடைத்தால், அடியில் எஃகு வில்லையாய் உறைந்திருக்கும். விறகின் கரி இரும்பில் ஏறுகிறது. கரி ஏறவே, 1538 செல்சியஸ் பாகையில் மட்டுமே உருகும் சுத்த இரும்பு அதற்குக் கீழேயே உருகி, கசட்டை மேலே மிதக்க விட்டுவிடுகிறது. இவ்வகை இந்திய எஃகைத்தான் மைக்கேல் பாரடே லண்டனில் வைத்துக்கொண்டு அதன் இரகசியத்தைத் தேடினார். இந்த எஃகின்மீது ஹீத்துக்கு இருந்த மோகமோ, எகிப்தியர் கல்தூண்களில் சித்திர எழுத்தை வெட்டிய உளிகளே இந்திய எஃகுதான் என்று சாதிக்கும் அளவுக்குப் போயிற்று. மேடை முழக்கத்தைத் தொடங்கியவர்கள் நாமல்ல என்று ஆறுதல் கொள்ளலாம்.

என் தீர்ப்பைக் கேட்டால், வைக்கிங் வாளுக்குக் கஞ்சமலையை உரிமை கொண்டாட நான் துணியமாட்டேன். வோல்காவுக்கு நம்மைவிட மிகவும் அணித்தான மேர்வ் நகரில், இன்றைய துருக்மெனிஸ்தானத்தில், ஒன்பது பத்தாம் நூற்றாண்டுகளில் மூசை எஃகு வடித்த பட்டறையே அகழ்ந்தெடுக்கப்பட்டிருக்கிறது. திர்ஹம் சென்ற வழியில் எஃகும் சென்றிருந்தால், அந்தப் பட்டறைகளே முதலில் நினைக்கத் தக்கவை. வைக்கிங் வாளின் எஃகு கிழக்கிலிருந்து வந்தது என்பதையே மறுத்து, ரைன் நதிப் பிரதேசத்துக்கு உரிமை கோரும் ஐரோப்பிய அறிஞர்களும் உண்டு. நம்மவர் எஃகு மேற்கே சென்றதற்குக் கடல்வழியே சான்று பகர்கிறது. இந்திய இரும்பும் எஃகும் செங்கடல் துறைகளில் இறங்கியதை முதல் நூற்றாண்டின் கிரேக்க மாலுமி நூலே கூறும். நொய்யற்கரைக் கொடுமணலில் இரும்புலையும் எஃகு வடித்த உலையும் அகழ்வில் கண்டதும் அந்தத் தொழிலின் தொன்மைக்குச் சாட்சி.

இந்த வழக்கு எளிதில் தீராததற்கு ஒரு விந்தையான காரணம் உண்டு. பழைய இரும்பின் பிறப்பிடத்தை அறிய விரும்புவோர் அதில் சிக்கிய கசட்டுத் துணுக்குகளையே ஆராய்வது வழக்கம். தாதின் அடையாளம் அதில்தான் தங்கும். மூசை எஃகிலோ கசடே தங்குவதில்லை. எந்தச் சுத்தத்துக்காக அதை உலகம் விலைகொடுத்து வாங்கிற்றோ, அந்தச் சுத்தமே அதன் ஊரையும் பேரையும் கழுவிவிட்டது. ஆனால் மூசை அப்படியல்ல. மேர்வில் கிடைத்த மூசைகள் வெப்பம் தாங்கும் வெளிறிய மண்ணால் உருளையாகச் சமைந்தவை. நம் பக்கத்து மூசை உமி பிசைந்த மண், உடைத்துப் பார்த்தால் உமி எரிந்து விட்ட தடம் ஓட்டுக்குள் தெரியும்.