கோடுகளுக்கு உயிர்தந்தவர்

திரையில் ஒரு சிறுமி துள்ளி ஓடுகிறாள். அவளுடைய கிளி பேசுகிறது. காண்போருக்கு அவை உயிருள்ளவை போலவே தோன்றும். உண்மையில் அங்கு இருப்பவை அசையாத ஓவியங்களே. ஒன்றுக்கொன்று சிறிதளவே வேறுபட்ட ஓவியங்களை விரைந்து அடுத்தடுத்துக் காட்டினால், கண் அவற்றை ஒரே அசைவாக உணர்கிறது. இக்கலையை அசைவூட்டம் என்பர். மக்கள் வழக்கில் அனிமேஷன் என்னும் சொல்லே மிகுதி.

திரைப்படத்தில் ஒரு நொடிக்கு 24 படச்சட்டங்கள் ஓடுகின்றன. கையால் வரைவோர் பெரும்பாலும் ஓர் ஓவியத்தை இரு சட்டங்களுக்குப் பயன்படுத்துவர். அவ்வாறு சிக்கனம் செய்தாலும் பத்து நிமிடப் படத்திற்கு 7,200 ஓவியங்கள் வேண்டும்! ஓர் அசைவின் தொடக்கத்தையும் முடிவையும் தேர்ந்த கலைஞர் வரைவார். இடைப்பட்ட ஓவியங்களை இளையோர் வரைந்து நிரப்புவர். புகழ்பெற்ற இயக்குநர் பலரும் இவ்விடைநிரப்பும் பணியிலிருந்தே தொடங்கினர். கதை, காட்சி, குரல், இசை, அசைவின் வேகம் ஆகியவற்றை ஒரே நோக்கில் இணைப்பது இயக்குநரின் பொறுப்பு.

இந்திய அசைவூட்டத்தின் தந்தை எனப் போற்றப்படும் ராம் மோகன் 1931இல் பிறந்தார். அவர் பயின்றது ஓவியம் அன்று, வேதியியல். எனினும் 1956இல் மும்பையில் நடுவண் அரசின் பிலிம்ஸ் டிவிஷன் நிறுவனத்தில், கார்ட்டூன் படப் பிரிவில் சேர்ந்தார். வால்ட் டிஸ்னி நிறுவனக் கலைஞராகிய கிளேர் வீக்ஸ் அங்கு வந்து பயிற்சி அளித்தார். புத்த சாதகக் கதையொன்றைத் தழுவி 1957இல் உருவான 'ஆலமர மான்' என்னும் படம் அப்பயிற்சியின் விளைவாகும்.

1968இல் அவர் அரசுப் பணியைத் துறந்தார். நிலையான ஊதியத்தைக் கைவிடுதல் அன்றும் எளிய முடிவன்று. 1972இல் சொந்த நிறுவனம் தொடங்கினார். விளம்பரப் படங்களும் அறிவுரைப் படங்களுமே இத்தகைய நிறுவனங்களுக்குச் சோறு போட்டன. இடையிடையே நல்வாய்ப்புகளும் வந்தன. சத்யஜித் ராய் இயக்கிய 'சத்ரஞ்ச் கே கிலாடி' படத்தின் அசைவூட்டக் காட்சிகள் அவருடைய பங்களிப்பே. இந்திய ஜப்பானிய இராமாயணப் படத்தை யூகோ சாகோ, கோய்ச்சி சசாகி ஆகியோருடன் இணைந்து இயக்கினார். ஜப்பானிய ஓவியர்கள் வேட்டி கட்டும் முறையையும் பெரியோரை வணங்கும் முறையையும் இந்தியரிடம் கேட்டறிந்தே வரைந்தனர்.

யுனிசெஃப் அமைப்புக்காக உருவாக்கிய 'மீனா' என்னும் சிறுமியே அவருடைய படைப்புகளில் மிகுதியான குழந்தைகளைச் சென்றடைந்தாள். இந்தியா, வங்கதேசம், பாகிஸ்தான், நேபாளம் ஆகிய நாடுகளின் குழந்தைகள் அவளைத் தங்கள் ஊர்ப் பெண்ணாகவே எண்ண வேண்டும். எனவே அவளுடைய முகமும் உடையும் எந்த ஒரு நாட்டிற்கும் மட்டும் உரியதாக அமையலாகாது. பல மாதிரிகளை வரைந்து, ஊர்மக்களிடம் காட்டிக் கருத்தறிந்த பின்னரே இறுதி உருவம் முடிவாயிற்று.

மீனாவின் தம்பி ராஜு பள்ளிக்குச் செல்வான். பெண் என்பதால் அவள் வீட்டில் இருப்பாள். அவள் தன் கிளி மிட்டுவைப் பள்ளிக்கு அனுப்புகிறாள். அது பாடத்தைக் கேட்டுவந்து சொல்ல, அவள் எண்ணக் கற்கிறாள். ஒருநாள் வீட்டுக் கோழிகளை எண்ணிப் பார்க்கிறாள், ஒன்று குறைகிறது! திருடன் பிடிபடுகிறான். அதன்பின் அவளுக்கும் பள்ளிக் கதவு திறக்கிறது. பெண்கல்வியைப் பற்றிய நீண்ட சொற்பொழிவைக் காட்டிலும் அந்த ஒரு கோழி வலிமையானது.

2014இல் ராம் மோகனுக்குப் பத்மஸ்ரீ விருது வழங்கப்பட்டது. 2019இல் அவர் மறைந்தார்.

இன்று இடைநிரப்பும் பணியில் பெரும்பகுதியைக் கணினியே செய்கிறது. ஆயினும் முதியவர் நடைக்கும் சிறுவர் நடைக்கும் உள்ள வேறுபாட்டைக் கலைஞரே உற்றுநோக்கி அறிதல் வேண்டும். அகமதாபாத் தேசிய வடிவமைப்பு நிறுவனத்திலும் மும்பை ஐ.ஐ.டி.யின் வடிவமைப்புப் பள்ளியிலும் அசைவூட்டப் படிப்புகள் உள்ளன. இவற்றில் சேர நுழைவுத் தேர்வு எழுத வேண்டும். பேருந்து நிறுத்தத்திலும் சந்தையிலும் காணும் மனிதரை நாள்தோறும் வரைந்து பழகிய குறிப்பேடு, அத்தேர்வுக்கு நல்ல துணையாகும்.