கணிப்பொறிக்குள் ஒரு துபாஷி

ராடார்த் திரையின் முன் அமர்ந்து விமானங்களை வழிநடத்த உங்களுக்கு ஆசை உண்டா? 2001-இல் தொடங்கப்பட்ட வாட்சிம் என்னும் இணைய அமைப்பில் இதை வீட்டிலிருந்தே பழகலாம். ஒருவர் தம் கணிப்பொறியில் பாவனை விமானத்தை ஓட்டுவார். மற்றொருவர் ராடார்த் திரையைப் பார்த்து, குரல் வழியே அவருக்கு ஆணையிடுவார். அத்திரையைக் காட்டும் நிரல்களுள் ஒன்றான யூரோஸ்கோப், விண்டோஸ் இயக்க முறைமைக்கென்றே எழுதப்பட்டது. உங்களிடம் இருப்பதோ லினக்ஸ் கணிப்பொறி. என்ன செய்வது?

நிரல் ஏன் ஓட மறுக்கிறது என்று முதலில் பார்ப்போம். கூட்டல், கழித்தல் போன்றவற்றை நிரல் நேரே செயலியிடம் கொடுத்துவிடுகிறது. ஆனால் கோப்பைப் படிக்கவும், திரையில் படம் வரையவும், ஒலி எழுப்பவும் இயக்க முறைமையின் தயவு வேண்டும். கோப்பைப் படிக்க விண்டோஸிடம் 'ரீட்ஃபைல்' என்று கேட்க வேண்டும்; லினக்ஸிடம் 'ரீட்' என்று கேட்க வேண்டும். வேலை ஒன்றுதான், கேட்கும் முறை வேறு.

இதற்கு இரண்டு வழிகள் உண்டு. ஒன்று, கணிப்பொறிக்குள்ளேயே ஒரு மெய்நிகர் கணிப்பொறியை அமைத்து, அதில் விண்டோஸ் முழுவதையும் நிறுவுவது. ஒரே நினைவகத்தை இரண்டு இயக்க முறைமைகள் பங்கிட்டுக்கொள்வதால் சிறிய கணிப்பொறி திணறும்.

மற்றொன்று, துபாஷியை அமர்த்துவது. 1993-இல் தொடங்கப்பட்ட வைன் என்னும் மென்பொருள், விண்டோஸ் முறையில் கேட்பதை லினக்ஸ் முறைக்கு மாற்றித் தருகிறது. விண்டோஸே தேவையில்லை. ஆனால் துபாஷிக்குத் தெரியாத சொல் வந்தால் நிரல் தடுமாறும். 2020 முதல் மேக் கணிப்பொறிகளில் ஆப்பிள் புகுத்திய செயலிகளுக்கோ இன்டெல் கட்டளைகளே புரியா. அவற்றை மாற்றித் தர ரொசெட்டா 2 போன்ற இன்னொரு துபாஷியும் வேண்டும்.

சிறிது தடுமாறினால் என்ன என்கிறீர்களா? கணக்கிட்டுப் பாருங்கள். 250 நாட் வேகத்தில் செல்லும் விமானம் விநாடிக்குச் சுமார் 129 மீட்டர் கடக்கும். உங்கள் திரை 10 விநாடி உறைந்தால், எதிரெதிரே வரும் இரு விமானங்கள் இரண்டரைக் கிலோமீட்டருக்கு மேல் நெருங்கிவிடும். ஒரே உயரத்தில் பறக்கும் விமானங்களுக்கிடையே, விமான நிலையத்தை ஒட்டிய வான்பகுதியில் வழக்கமாகக் காக்கப்படும் இடைவெளி 3 கடல் மைல், அதாவது ஐந்தரைக் கிலோமீட்டர்தான்!

எனவே, எந்த வழியைக் கொண்டாலும் முதலில் பார்வையாளராக மட்டும் இணையுங்கள். திரை உறைகிறதா, குரல் தாமதிக்கிறதா என்று பல மணி நேரம் சோதியுங்கள். விமானம் பாவனைதான், ஆனால் உங்கள் சொல்லுக்காகக் காத்திருப்பவர் உண்மையான மனிதர்.