காளானுக்கு ஜாமீன் உண்டா?

மதுரை ஆனையூரிலிருந்து போதைக் காளான் தேடி பைக்கில் கொடைக்கானல் கிளம்பும் பையன்களிடம் ஒரு சட்ட ஆலோசனை சுற்றுகிறது: "காளான் போதைப்பொருளே இல்ல மாப்ள, ஐகோர்ட்டே சொல்லிருச்சு." பாதி உண்மை. மீதிப் பாதிதான் ஆளை உள்ளே தள்ளும்.

2025 ஜனவரியில் கேரள உயர் நீதிமன்றம் ஒரு ஜாமீன் வழக்கில் சொன்னது இது: இயற்கையாக முளைத்த காளானின் மொத்த எடையை வைத்துக் குற்றத்தின் அளவை முடிவு செய்யக் கூடாது, அதில் போதை தரும் சைலோசைபின் எவ்வளவு இருக்கிறது என்பதே கணக்கு. சைலோசைபின் 1985ஆம் ஆண்டு போதைப்பொருள் தடுப்புச் சட்டத்தின் பட்டியலில் இன்றைக்கும் இருக்கிறது. சிறிய அளவு என்றால் ஓராண்டு வரை சிறை. வணிக அளவு என்றால் 10 முதல் 20 ஆண்டு.

பிடிபட்டவருக்கும் உரிமைகள் உண்டு. உடம்பைச் சோதிக்கும் முன், கெசட்டட் அதிகாரி அல்லது மாஜிஸ்திரேட் முன்னிலையில் சோதிக்கக் கேட்கலாம் (பிரிவு 50). தோளில் மாட்டிய பைக்கு இது பொருந்தாது. பலர் இங்கேதான் ஏமாறுகிறார்கள். கைதுக்குக் காரணம் சொல்ல வேண்டும், பயண நேரம் நீங்கலாக 24 மணி நேரத்தில் மாஜிஸ்திரேட் முன் நிறுத்த வேண்டும். வக்கீலுக்குக் காசில்லையா? இலவச சட்ட உதவிக்கு 15100. போதைக்கு அடிமையானவர் தானாக முன்வந்து அரசு அங்கீகரித்த இடத்தில் சிகிச்சை பெற்றால், உட்கொண்டதற்காகவோ சிறிய அளவுக்காகவோ வழக்கு நடத்துவதிலிருந்து பிரிவு 64ஏ பாதுகாப்புத் தருகிறது. சிகிச்சையைப் பாதியில் விட்டால் அந்தப் பாதுகாப்பு ரத்தாகலாம்.

எனக்குச் சட்டத்தைவிட, போதைக் காளான் என்று விற்கும் பொட்டலத்தை நினைத்தால்தான் பயம். மாட்டுச் சாணத்தில் முளைக்கும் சைலோசைபே கியூபென்சிஸ், பச்சையாக இருக்கையில் நசுக்கினால் நீலம் பாயும். காய்ந்து சுருங்கிவிட்டால் எல்லாக் காளானும் ஒரே பழுப்புச் சருகு. மழைக்குப் பின் புற்றுக்காளான் பறித்துத் தின்று வளர்ந்தவருக்கே சந்தேகம் வரும். விற்பவனுக்கு என்ன தெரியும்?

போதைக் காளான் என்றால் பெரும்பாலும் ஒரு மணி நேரத்துக்குள் தலைக்கு ஏறும். ஆறு மணி நேரம் கழித்து வாந்தியும் பேதியும் தொடங்கினால் அது வேறு: ஈரலைத் தின்னும் அமடாக்சின் விஷமாக இருக்கலாம். மறுநாள் தெளிந்ததுபோல் தோன்றும். ஈரல் கெடுவது அப்போதுதான். உடனே 108, மதுரை என்றால் நேராகப் பெரியாஸ்பத்திரி. போலீசுக்குப் பயந்து மிச்சத்தைச் சாக்கடையில் வீசாதீர்கள். காகிதத்தில் மடித்து டாக்டர் கையில் கொடுங்கள். என்ன தின்றான், எத்தனை மணிக்கு என்று அவர் கேட்பார்.