குந்திமானும் திரையிசையும்

திரைப்படத்துக்கு இசையமைப்போரைச் சாத்திரீய இசைவாணர் தம்மோடு ஒரே வரிசையில் இருத்த விரும்பாமை பல நாடுகளிலும் காணப்படுவது. பிலிப்பைன் தீவுகளில் அவ்வேறுபாடு எத்துணைப் பொருளற்றது என்பதற்கு ஏர்னானி குவெங்கோவின் வாழ்க்கை சான்றாகும்.

மணிலாவுக்கு வடக்கே புலக்கான் மாகாணத்திலுள்ள மலோலொஸ் நகரில் 1936ஆம் ஆண்டு மே 10ஆந் திகதி அவர் பிறந்தார். 1899இல் பிலிப்பைன் மக்களின் முதற் குடியரசு தோன்றிய ஊர் அது. சாந்தோ தொமாஸ் பல்கலைக்கழகத்திற் பியானோவும் செல்லோவும் பயின்று பட்டம் பெற்றார். செல்லோ, வயலின் இனத்துப் பெரு வாத்தியம். முழங்கால்களுக்கிடையே நிறுத்தி வாசிக்கப்படுவது. மனிதக் குரலை மிக நெருங்கிய ஒலியுடையது. 1960 முதல் 1968 வரை மணிலா சிம்பொனி வாத்தியக் குழுவில் அவர் அதனை வாசித்தார். திரைப்படத்துக்கு மெட்டமைத்த கையும் அக்கையே.

அவர் மெட்டுக்களின் வேர் குந்திமான் என்னும் தகாலோக் காதற்பாட்டு. அது மூன்றெண்ணிக்கைத் தாளத்தில் மெல்ல நடப்பது. அதன் முற்பகுதி மைனர் சுரவரிசையிலும், பிற்பகுதி மேஜர் சுரவரிசையிலும் அமையும். கருநாடக இசை பயின்றோர் இதனை எளிதில் உணர்வர்: ஆதார சட்சம் மாறுவதில்லை, ஆனால் முன்னர்ச் சாதாரண காந்தாரம் நின்ற இடத்திற் பின்னர் அந்தர காந்தாரம் ஒலிக்கின்றது. ஏனைய மாற்றங்கள் இருப்பினும் செவியை முதலிற் கவர்வது இதுவே. ஏங்கி இரந்து நின்ற காதலன் அவ்விடத்தில் நம்பிக்கை பெறுகின்றான். நிக்கனோர் அபெலார்தோ, பிரான்சிஸ்கோ சந்தியாகோ ஆகியோர் இருபதாம் நூற்றாண்டின் முற்பகுதியில் இதனை அரங்கிசையாக உயர்த்தினர். அமெரிக்கர் ஆட்சிக் காலத்திற் காதலியை விளித்த சொற்கள் தாய்நாட்டையும் சுட்டின.

இரண்டாம் உலகப் போருக்குப் பின் அமெரிக்க மெல்லிசை எங்கும் பரவியபோது, குந்திமான் முதியோரின் நினைவுப்பொருளாய் ஒதுங்கத் தலைப்பட்டது. குவெங்கோ பழம்பாட்டுக்களைப் புதுப்பிக்க முயன்றாரல்லர். புதிய காதற்பாட்டினுள்ளே குந்திமானின் இயல்புகளைப் புகுத்தினார். ‘உன்னை நான் எத்துணை காதலிக்கின்றேன்’ என்று பொருள்படும் ‘காஆனோ கோ இக்காவ் கமஹால்’ அவ்வகையிற் சிறந்தது. அதற்குச் சொல் தந்தவர் லெவி செலேரியோ. மர இலையை உதட்டில் வைத்து இன்னிசை எழுப்ப வல்ல விந்தை மனிதர். பழைய குதிரை வண்டியைப் பாடும் ‘கலேசா’வும் இவ்விருவரின் ஆக்கமே. ‘மணலிற் கல்’ என்று பொருள்படும் ‘பாத்தோ சா புஹாங்கின்’ என்னும் 1976ஆம் ஆண்டுத் திரைப்படத்தின் பெயர்ப்பாட்டு, குந்திமான் என்னும் பெயரையே கருதாத இளைஞர் வாயிலும் நிலைத்தது. ஏட்டளவில் ஒரு மரபைப் போற்றுவதினும் இஃது அரிய பணி.

தாம் பயின்ற பல்கலைக்கழகத்திலேயே இறுதிவரை ஆசிரியராயிருந்த குவெங்கோ, 1988ஆம் ஆண்டு யூன் 11ஆந் திகதி ஐம்பத்திரண்டாம் வயதிற் காலமானார். அந்நாட்டின் உயர்ந்த கலை விருதாகிய ‘தேசியக் கலைஞர்’ பட்டத்தைச் செலேரியோ 1997இல் நேரிற் பெற்றார். குவெங்கோவுக்கு அது வழங்கப்பட்டது 1999இல், அவர் மறைந்து பதினோராண்டுகளின் பின்னர்.