முடியப்பன் என்னும் பெயர்

சென்ற கோடை விடுமுறையில் எம் ஊராகிய அமராவதி நகருக்கு யாம் சென்றிருந்த காலை, இல்லத்தில் ஒரு சிறு வழக்கு நிகழ்ந்துகொண்டிருந்தது. தமையனார்க்கு ஆண் மகவு பிறந்து இரண்டு திங்களாகியும் பெயர் முடிவாகவில்லை. எந்தையார் பெயர் முடியப்பன். பாட்டன் பெயரைப் பேரனுக்கிடுதல் தமிழர் வழக்காதலின், அப்பெயரே இடப்படும் என்று சுற்றத்தார் எண்ணியிருந்தனர். 'பேரன்' என்னும் சொல்லே 'பெயரன்' என்பதன் மரூஉ. பாட்டன் பெயரைத் தாங்குபவன் என்பது பொருள். ஆயின், திருப்பூரிற் பனியன் கம்பெனியொன்றில் வேலைபார்க்கும் தமையனார், "முடியப்பன் என்றால் பள்ளிக்கூடத்தில் பிள்ளைகள் சிரிப்பார்கள், ஸ்டீபன் என்று வைப்போம்" என்றார். முடி என்பது மகுடத்தையும் குறிக்கும், தலைமயிரையும் குறிக்கும்; பள்ளிச் சிறுவர் எப்பொருளைக் கொள்வர் என்பது வெளிப்படை. எந்தையார்க்கோ தலை முற்றும் வழுக்கை. தம் பெயர் நகைப்புக்கிடமானதென்று தம் திண்ணையிலேயே கேட்க நேர்ந்த அவர், மறுமொழி ஒன்றும் கூறாது எழுந்து ஆற்றங்கரைப் பக்கம் போய்விட்டார்.

தமிழ் ஆனர்ஸ் பயில்பவர் என்பதுபற்றி இரு திறத்தாரும் எம்மை நடுவராக்கினர். எம் பெயரின் முன் நிற்கும் 'மு.' என்னும் எழுத்தும் அப்பெயரின் தலையெழுத்தேயாதலின், நடுவுநிலைமை எமக்கு எளிதாயிருந்ததென்று கூறோம். ஆயினும் யாம் சொல்லவேண்டியிருந்தது ஒன்றே. முடியப்பன், ஸ்டீபன் என்பன இரு பெயர்களல்ல, ஒரே பெயர்.

கிரேக்க மொழியில் 'ஸ்தெபானோஸ்' என்பது வென்றார்க்குச் சூட்டும் முடியை அல்லது மாலையைக் குறிக்கும். அப்போஸ்தலர் நடபடிகளில், கல்லெறியுண்டு உயிர்நீத்த முதல் இரத்தசாட்சியின் பெயர் அது. அப்பெயர் நாடுகள்தோறும் சென்று, ஆங்கிலத்தில் ஸ்டீபன் எனவும், பிரெஞ்சில் எத்தியேன் எனவும், ஸ்பானிய மொழியில் எஸ்தேபான் எனவும், ஹங்கேரிய மொழியில் இஷ்த்வான் எனவும் திரிந்தது. இவை யாவும் ஒலி திரிந்து நடந்து, பொருளை வழியிலேயே விட்டுவிட்ட பெயர்கள். சீர்திருத்தச் சபையாரின் தமிழ் விவிலியத்திலும் ஒலிபற்றி ஸ்தேவான் என்றே காண்கின்றோம். தமிழ்க் கத்தோலிக்கரோ ஒலியை விடுத்துப் பொருளைக் கைக்கொண்டு முடியப்பர் என்றனர்.

இம்முறைக்கு விவிலியத்திலேயே இலக்கணம் உண்டு. மீன்பிடிப்பவராகிய சீமோனுக்கு அரமேய மொழியில் 'கேபா', அஃதாவது பாறை, என்னும் பெயர் அளிக்கப்பட, சுவிசேஷகர் அதனைப் 'பேதுரு' எனக் கிரேக்கத்தில் மொழிபெயர்த்துக் காட்டினார். தபீத்தாள் என்னும் நல்லாளைக் கிரேக்கர் தொற்காள் என்றனர். இரண்டும் மான் என்னும் பொருளனவே. தோமா, திதிமு என்னும் இரண்டும் இரட்டைப்பிள்ளை என்பதையே உணர்த்தும்.

தமிழ்நாட்டில் இம்முறை தழைத்த விதம் வியக்கத்தக்கது. பவுல் என்பதன் மூலமாகிய 'பவுலுஸ்' இலத்தீனிற் சிறியவன் எனப் பொருள்படும். அதனின்றும் எழுந்தது சின்னப்பர். யோவான் என்பது எபிரேயத்தில் 'கடவுள் அருளினார்' என்று பொருள்தரும், ஆகவே அருளப்பர். 1693இல் ஓரியூரிற் கொல்லப்பட்ட போர்த்துக்கேயக் குரு ஜுவாம் தெ பிரித்தோ அருளானந்தர் ஆனதும் இப்பொருள் பற்றியே. வீரமாமுனிவர்க்கு முதலில் வழங்கிய தைரியநாதர் என்பது, உறுதியைக் குறிக்கும் கொன்ஸ்தான்ஸோ என்னும் அவர்தம் இத்தாலியப் பெயரின் ஆக்கம். அவர் 1726இல் இயற்றிய தேம்பாவணியிற் சூசையை வளன் என்று அழைக்கின்றார். யோசேப்பு என்னும் எபிரேயச் சொல்லிற் பெருகுதல் என்னும் கருத்து உண்டு. 1745இல் ஞானஸ்நானம் பெற்ற நீலகண்டர்க்கு லாசரு என்னும் பெயரைத் தேவசகாயம் என ஆக்கி இட்டனர். லாசரு என்பதற்குக் 'கடவுள் துணைசெய்தார்' என்பதே கருத்து. 1752இற் கொல்லப்பட்ட அவர் 2022ஆம் ஆண்டு மே 15ஆம் நாள் புனிதராக உயர்த்தப்பட்டார். இப்பெயர்களுள் வடசொற் கலப்பு மிகுதி என்று குறைகூறுவாரும் உளர், அக்குறை மெய்யே. ஆயினும் கேட்போர்க்குப் பொருள் விளங்கியது. அயல்வீட்டுச் சின்னச்சாமியும் நம் சின்னப்பனும் பெயரளவில் உறவினர்போல் நின்றனர்.

எல்லாப் பெயர்களும் இவ்வாறு பொருள்வழி வந்தனவென்று கொள்ளற்க. சவேரியார் என்பது 'புதுவீடு' எனப் பொருள்படும் பாஸ்கு மொழி ஊர்ப்பெயர். நம் சவரிமுத்துக்கள் ஒரு ஸ்பானிய நாட்டு ஊரை அறியாமலே சுமக்கின்றனர். சந்தியாகு என்பதிற் புனிதர் எனப் பொருள்படும் 'சந்த்' முன்னரே அடங்கியிருத்தலின், புனித சந்தியாகப்பர் என்பார் ஒரே சிறப்பை இருமுறை அளிப்பவராவர்.

பொருள்பற்றிப் பெயர் மாற்றும் இம்முறையே பிற்காலத்துத் தமிழ்ப் புலவர்க்கும் உவப்பாயிற்று. சென்னைக் கிறித்தவக் கல்லூரியிற் தமிழ் கற்பித்த சூரியநாராயண சாஸ்திரியார் தம்மைப் பரிதிமாற் கலைஞர் எனக் குறித்தார். பரிதி சூரியன், மால் நாராயணன், கலைஞர் சாஸ்திரியார். 1916இல் தனித்தமிழ் இயக்கம் கண்ட வேதாசலனார், வேதத்தை மறையாக்கி, அசலத்தை மலையாக்கி, மறைமலையடிகள் ஆனார். சின்னப்பர் என்று முதன்முதல் வழங்கியவர் பெயர் நமக்குக் கிடைத்திலது. கிடைப்பின் அவரையும் இவ்வரிசையில் வைத்தல் தகும்.

பெயர்களின் பழமையறிய நெடுந்தூரம் செல்லவேண்டுவதில்லை. எம் ஊரணையினின்றும் இறங்கும் ஆறு கரூரைக் கடந்து காவிரியிற் கலக்கின்றது. கரூரை அடுத்த புகழூர்க் குன்றிற் சேரர் மூன்று தலைமுறையினர் பெயர்கள் தந்தை, மகன், மகன் என்று அடுக்காய் வெட்டப்பட்டுள்ளன. முதற்பெயர் ஆதன் செல்லிரும்பொறை. நொய்யற்கரைக் கொடுமணலில் அகழ்ந்தெடுத்த பானையோட்டில் 'கண்ணன் ஆதன்' எனத் தமிழ்ப் பிராமியில் எழுதியுள்ளது. இன்று நாம் முன்னெழுத்தாகச் சுருக்கிய தந்தை பெயர், அந்த ஓட்டில் முழுமையாக முன்நிற்கின்றது போலும். மகனைக்கொண்டு தந்தையைக் குறித்தலும் உண்டு. ஆதன் தந்தை என்பது ஆந்தை எனத் திரியும் என்பது தொல்காப்பிய விதி. பிசிராந்தையார் பெயர் அவ்வாறமைந்ததே. ஆந்தை என்று ஒருவர் பெயரிருப்பின் இன்று எப்பள்ளியிற் சிரியாதிருப்பர்? எம் வகுப்பிற் புறநானூறு பாடம் நடந்தபோது ஒருவரும் சிரித்ததில்லை.

ஊர்ப்பெயரும் இவ்விதிக்கு விலக்கன்று. 1957இல் முடிந்த அணை காரணமாகவே அமராவதி நகர் எழுந்தது. எம் பாட்டனார் அவ்வணை வேலைக்கு வந்து தங்கியவர். ஆற்றின் பழம்பெயர் ஆன்பொருநை. அது மறைந்து இந்திரன் தலைநகரின் பெயர் ஆற்றிற்காயிற்று. ஆற்றின் பெயர் ஊர்க்காயிற்று.

இவற்றையெல்லாம் திண்ணையில் விரித்துரைத்தோம். தமையனார் பொறுமையுடன் கேட்டுவிட்டு, "முடியப்பன் என்பதன் பொருள் தெரிவதனால்தானே பிள்ளைகள் சிரிக்கிறார்கள்? ஸ்டீபன் என்றால் ஒருவனுக்கும் பொருள் தெரியாது, ஆகையால் சிரிக்கவும் மாட்டான்" என்றார். அதற்குத் தக்க விடை எமக்கு அப்போது தோன்றவில்லை. இதை எழுதும்போதும் முழுதும் தோன்றிற்றென்று சொல்லமாட்டோம். எந்தையாரோ வேறொன்று வினவினார்: "அப்படியானால் ஸ்டீபன் என்றாலும் என் பெயர்தானா?"

"ஆம் அப்பா" என்றோம்.

"புத்தகத்திலே இருக்கிறதா?"

"இருக்கிறது."

அடுத்த ஞாயிறன்று ஞானஸ்நானப் பதிவேட்டில் ஸ்டீபன் என்று எழுதப்பட்டது. எந்தையார் வீட்டில் அவனை முடியப்பா என்றே அழைக்கின்றார். அவன் இரண்டிற்கும் இன்னும் திரும்பிப் பார்ப்பதில்லை.