சர்நேம் இல்லாதது குறையா? ஸ்மித், ஃபெராரி முதல் உத்திரமேரூர் கல்வெட்டு வரை... குடும்பப் பெயரின் கதை!

விசா விண்ணப்பம், வெளிநாட்டுப் பல்கலைக்கழக அட்மிஷன், ஆன்சைட் அனுப்பும் கம்பெனியின் ஃபார்ம்... எதைத் திறந்தாலும் சிவப்பு நட்சத்திரக் குறியோடு ஒரு கட்டம் வந்து நிற்கும்: 'சர்நேம்'. அதை நிரப்பாமல் அடுத்த பக்கத்துக்குப் போக முடியாது.

ஒரகடத்தில் வேலை பார்க்கும் உத்திரமேரூர்க்காரர் ஒருவரை ஜெர்மனிக்குப் பயிற்சிக்கு அனுப்புகிறார்கள் என்று வைத்துக்கொள்வோம். பள்ளிச் சான்றிதழில் அவர் பெயர் 'க. முருகன்'. 'க' என்றால் அப்பா கந்தசாமி. அப்போ சர்நேம் எது? கந்தசாமி என்று போட்டால், அங்கே எல்லாரும் அவரை 'மிஸ்டர் கந்தசாமி' என்றுதான் கூப்பிடுவார்கள். "அது எங்க அப்பா பேருங்க" என்று எத்தனை பேரிடம் விளக்குவது?

'வெள்ளைக்காரங்களுக்கு ஆதிகாலத்துல இருந்தே குடும்பப் பெயர் இருக்கு, நமக்குத்தான் இல்ல' என்று பலர் நினைக்கிறோம். உண்மை வேறு. அவர்களும் ஒரு காலத்தில் நம்மைப் போலத்தான் இருந்தார்கள்.

நாலே நாலு வகைதான்!

ஐரோப்பியக் குடும்பப் பெயர்களில் பெரும்பாலானவற்றை நான்கு வகைக்குள் அடக்கிவிடலாம்.

1. அப்பா பெயர்: ஜான்சன் என்றால் ஜானின் மகன். ஜாக்சன், ஜாக்கின் மகன். டென்மார்க்கின் ஹான்சன், ஸ்பெயினின் ரோட்ரிகெஸ், ரஷ்யாவின் இவானோவ் எல்லாமே 'இன்னாருடைய மகன்' என்ற பொருளில் பிறந்தவை. ஸ்காட்லாந்தின் 'மேக்' என்ற முன்னொட்டுக்கும் மகன் என்றே பொருள். நீங்கள் பர்கர் வாங்கும் மெக்டொனால்ட்ஸின் பெயரிலேயே 'டொனால்டின் மகன்' உட்கார்ந்திருக்கிறார்.

2. ஊர், இடம்: சர்ச்சில் என்பது ஓர் இடப்பெயர். ஹில், வுட் என்பவை மலையோரமும் காட்டோரமும் குடியிருந்தவர்களின் அடையாளம். 'டாவின்சி' என்றால் 'வின்சி ஊர்க்காரர்' என்றுதான் பொருள். லியோனார்டோவுக்கு அது சர்நேம்கூட கிடையாது, வெறும் ஊர்ப்பெயர்.

3. தொழில்: இந்த வகைதான் ரொம்ப சுவாரஸ்யம். ஆங்கிலத்தில் ஸ்மித், ஜெர்மனில் ஷ்மிட், பிரெஞ்சில் லெஃபெவ்ர், ஹங்கேரியில் கோவாக்ஸ், ரஷ்யாவில் குஸ்நெட்சோவ், இத்தாலியில் ஃபெராரி... அத்தனையும் இரும்படிக்கும் கொல்லரைக் குறிப்பவை. ஊருக்கு ஒரு கொல்லுப்பட்டறை இல்லாமல் ஏரும் ஓடாது, குதிரையும் ஓடாது என்பதால் எல்லா நாட்டிலும் இந்தப் பெயர் பரவிவிட்டது. ஷூமாக்கர், செருப்புத் தைப்பவர். மார்கரெட் தாட்சரின் 'தாட்சர்', கூரை வேய்பவர். முல்லர், மாவு அரைக்கும் ஆலைக்காரர். ஹாரி பாட்டரின் 'பாட்டர்', மண்பானை செய்பவர்.

4. பட்டப்பெயர்: ரோஸி என்ற இத்தாலியப் பெயருக்குச் 'சிவப்பு' என்று பொருள், செம்பட்டை முடிக்காரரைக் குறித்தது. ஜெர்மனியின் க்ளைன், குள்ளமானவர். ஆர்ம்ஸ்ட்ராங், கை பலம் உள்ளவர். நம்ம ஊரில் 'நெட்டையன்', 'கட்டையன்' என்று கூப்பிடுவதுபோலத்தான்.

அப்பா பெயர், ஊர்ப்பெயர், தொழில், பட்டப்பெயர். தமிழ்நாட்டுக் கிராமத்தில் ஒரே பெயருள்ள ரெண்டு பேரைப் பிரித்துச் சொல்ல இன்றைக்கும் இதே நாலைத்தான் பயன்படுத்துகிறோம். 'கந்தசாமி பையன் முருகன்', 'மானாம்பதி முருகன்', 'டெய்லர் முருகன்', 'ஒல்லி முருகன்'. பொருள் ஒன்றுதான். ஐரோப்பாவில் அது தலைமுறை தாண்டி உறைந்துபோனது. இங்கே உறையவில்லை.

உறைய வைத்தது யார்?

முக்கியமான பதில்: அரசாங்கம். இன்னும் குறிப்பாகச் சொன்னால், வரி, சொத்து, ராணுவம்.

இங்கிலாந்தில் 1066-ல் நார்மன்கள் ஆட்சியைப் பிடித்த பிறகு, நிலம் வைத்திருந்த பிரபுக்கள்தான் முதலில் பரம்பரைப் பெயரை வைத்துக்கொண்டார்கள். சொத்து மகனுக்குப் போக வேண்டும் என்றால் பெயரும் கூடவே போவது வசதி. சாதாரண மக்களிடம் அது மெதுவாகத்தான் பரவியது. 14-ம் நூற்றாண்டில் தலைவரி போட்டார்கள். ஊரில் பத்து ஜான் இருந்தால் எந்த ஜான் பணம் கட்டினார் என்று பதிவேட்டில் எப்படி எழுதுவது? 'கொல்லர் ஜான்', 'மலையோர ஜான்' என்று எழுதினார்கள். நாளடைவில் கொல்லரின் மகன் விவசாயம் பார்க்கப் போனாலும் பெயர் ஸ்மித் என்றே நின்றுவிட்டது.

மற்ற நாடுகள் இன்னும் தாமதம். நெதர்லாந்தில் குடும்பப் பெயர் இல்லாதவர்கள் அதைப் பதிவு செய்ய வேண்டும் என்று 1811-ல் நெப்போலியன் ஆணையிட்டார். டென்மார்க்கில் 1828-ல்தான் நிலையான குடும்பப் பெயர் வேண்டும் என்ற உத்தரவு வந்தது. அதுவரை ஹான்ஸின் மகன் ஹான்சன், அவருடைய மகனுக்கு வேறு பெயர் என்று ஓடிக்கொண்டிருந்தது. துருக்கியில் 1934-ல் சட்டம் போட்டார்கள். முஸ்தஃபா கெமாலுக்கு 'துருக்கியரின் தந்தை' என்ற பொருளில் 'அத்தாதுர்க்' என்ற சர்நேம் கிடைத்ததும் அப்போதுதான்.

921-ல் உத்திரமேரூரில் எப்படிப் பதிவு செய்தார்கள்?

அப்படியானால் தமிழ்நாட்டில் வரி இல்லையா, பதிவேடு இல்லையா? தாராளமாக இருந்தது. அதற்கு உத்திரமேரூரே சாட்சி.

அங்குள்ள வைகுந்தப் பெருமாள் கோயில் சுவரில், முதலாம் பராந்தக சோழனின் 12 மற்றும் 14-ம் ஆட்சியாண்டுகளில், அதாவது 919, 921-ல், வெட்டிய இரண்டு கல்வெட்டுகள் இருக்கின்றன. குடவோலைத் தேர்தல் விதிகளைச் சொல்பவை என்று பள்ளிப் பாடத்திலேயே படித்திருப்போம். அவற்றைப் பெயர்களுக்காக ஒருமுறை பாருங்கள்.

919-ல் அரசன் ஆணைப்படி சபையில் உடன் இருந்த அதிகாரியின் பெயர் 'தத்தனூர் மூவேந்தவேளான்'. தத்தனூர் ஊர்ப்பெயர். மூவேந்தவேளான், சோழர் ஆட்சியில் அதிகாரிகளுக்குக் கிடைத்த பட்டம். அப்பா அம்மா வைத்த பெயர் அதில் இல்லவே இல்லை!

921-ல் வந்தவரின் பெயர் இன்னும் நீளம். சோழநாடு, அதில் புறங்கரம்பை நாடு, அதில் ஸ்ரீவங்கநகர் என்று முகவரி தொடங்குகிறது. பிறகு 'கரஞ்சை கொண்டய கிரமவித்த பட்டன்', கடைசியில் 'சோமாசிபெருமான்'. கிரமவித்தன் என்பது வேதப் படிப்பைக் காட்டும் தகுதி, பட்டன் என்றால் அறிஞர், சோமாசி என்றால் சோமயாகம் செய்தவர். ஊர், படிப்பு, சாதனை எல்லாம் ஒரே வரியில். இன்றைய லிங்க்ட்இன் புரொஃபைல் மாதிரி.

தேர்தலில் பெயர்க் குழப்பத்தை எப்படித் தவிர்த்தார்கள்? ஊரை 30 குடும்புகளாகப் பிரித்திருந்தார்கள்; குடும்பு என்றால் இன்றைய வார்டு. தகுதியுள்ளவர்களின் பெயரை ஓலையில் எழுதி, ஒவ்வொரு குடும்புக்கும் தனிக் கட்டாகக் கட்டி, எந்தக் குடும்பு என்பதைக் காட்ட மேலே ஒரு 'வாயோலை' பூட்டி, குடத்தில் போட்டார்கள். ஒரே பெயரில் ரெண்டு பேர் இருந்தாலும் எந்த வார்டுக்காரர் என்று கட்டே சொல்லிவிடும். (நிலமும் வேதக் கல்வியும் உள்ள பிராமண ஆண்களுக்கான தேர்தல் இது, ஊரில் உள்ள எல்லாருக்குமானது அல்ல.)

இன்னொரு விதி. வாரியத்தில் இருந்துவிட்டுக் கணக்குக் காட்டாதவர் மறுபடி நிற்க முடியாது. அவருடைய சொந்தக்காரர்களும் நிற்க முடியாது. 'இந்தச் சர்நேம் உள்ளவர்கள் கூடாது' என்று அங்கே எழுத வழியில்லை. அதனால் உறவுமுறையையே வரிசையாகச் சொன்னார்கள்: அம்மாவின் அக்கா தங்கை பிள்ளைகள், அத்தை பிள்ளைகள், மாமன் பிள்ளைகள், மாமனார், மச்சான், மருமகன், அப்பா, மகன். யோசித்தால் இது சர்நேமைவிடத் துல்லியம். சர்நேம் அப்பா வழியை மட்டும்தான் காட்டும். மச்சானையும் மருமகனையும் அது பிடிக்காது!

பேரன் என்றால் பெயரன்

நம் முறையில் பெயர் ஒரு தலைமுறை தாண்டித் திரும்பி வரும். தாத்தா பெயரைத் தாங்குபவன் பெயரன். அதுதான் 'பேரன்' ஆனது.

இதற்கு உலகப் புகழ் பெற்ற உதாரணம் ஒன்று உண்டு. 1930-ல் இயற்பியல் நோபல் வாங்கியவர் சி.வி.ராமன். 1983-ல் அதே பரிசை வாங்கியவர் சுப்பிரமணியன் சந்திரசேகர். ராமனின் அப்பா சந்திரசேகரன். ராமனின் அண்ணன் சுப்பிரமணியன். அந்த அண்ணனின் மகன் சந்திரசேகர், தாத்தா பெயரைத் தாங்கியவர். சித்தப்பாவும் மகனும் நோபல் வாங்கிய குடும்பம், ஆனால் பொதுவான சர்நேம் கிடையாது. உறவு தெரியாத வெளிநாட்டுக்காரர் பெயரை மட்டும் பார்த்தால் கண்டுபிடிக்கவே முடியாது.

செஸ் வீரர் ஆனந்தையும் கேளுங்கள். அவர் பெயர் ஆனந்த், அப்பா பெயர் விஸ்வநாதன். வெளிநாட்டவர்கள் பலர் அவரை 'விஷி' என்றே செல்லமாகக் கூப்பிடுகிறார்கள். அது அப்பா பெயரின் சுருக்கம்!

பின்னால் இருந்ததை ஏன் வெட்டினோம்?

தமிழர் பெயருக்குப் பின்னால் எதுவுமே இருந்ததில்லை என்று சொல்ல முடியாது. சாதிப் பட்டம் இருந்தது. அதை வெட்டியது ஒரு அரசியல் முடிவு. 1929 பிப்ரவரியில் சுயமரியாதை இயக்கத்தின் முதல் மாகாண மாநாடு செங்கல்பட்டில் நடந்தது. உத்திரமேரூரும் அப்போது செங்கல்பட்டு மாவட்டத்தில்தான் இருந்தது. சாதியைக் காட்டும் பட்டங்களைப் பெயரோடு சேர்க்கக் கூடாது என்று அங்கே தீர்மானம் போட்டார்கள். மேடையிலும் பத்திரிகையிலும் தொடங்கிய பழக்கம் பள்ளிக்கூடப் பதிவேடு வரை வந்தது. இன்று தமிழ்நாட்டில் ஒருவரின் முழுப்பெயரைப் பார்த்து சாதியைச் சொல்வது பெரும்பாலும் முடியாத காரியம்.

ஐரோப்பாவோடு நமக்கு உள்ள முக்கிய வித்தியாசம் இங்கேதான். ஸ்மித் என்ற பெயர் உள்ளவரைப் பட்டறையில் போய் இரும்படி என்று இன்று யாரும் சொல்வதில்லை. பெயர் தங்கியது, தொழில் கழன்றுவிட்டது. இங்கே தொழில் பிறப்போடு சேர்த்துக் கட்டப்பட்டிருந்தது. பெயர் தங்கினால் கூடவே மேல், கீழும் தங்கும். அதனால்தான் பட்டத்தைக் கழற்ற வேண்டி வந்தது. இனிஷியல் மட்டும் போதும் என்று நின்றதற்குப் பின்னால் இப்படி ஒரு போராட்டம் இருக்கிறது.

நம்ம கடற்கரையில் ஃபெர்னாண்டோ

தமிழர்களில் ஒரு பகுதியினர் நேரடியாக ஐரோப்பிய சர்நேமே வைத்திருக்கிறார்கள். 1530-களில் முத்துக்குளித்துறைப் பரதவர்கள் போர்ச்சுகீசியர் மூலம் கத்தோலிக்கம் தழுவியபோது ஃபெர்னாண்டோ, ரோட்ரிகோ, டி குருஸ் போன்ற பெயர்கள் ஞானஸ்நானத்தோடு வந்து சேர்ந்தன. தூத்துக்குடிக்குக் குடிநீர் கொண்டுவந்த நகராட்சித் தலைவர் குரூஸ் பர்னாந்து, 'கொற்கை' நாவலுக்கு 2013-ல் சாகித்ய அகாடமி விருது பெற்ற ஜோ டி குருஸ் ஆகியோரின் பெயர்கள் அந்த வரலாற்றைச் சொல்பவை. 'டி குருஸ்' என்றால் 'சிலுவையின்' என்று பொருள். இலங்கையில் சாதாரணமாகக் கேட்கும் சில்வா, காடு. பெரேரா, பேரிக்காய் மரம்.

ஐரோப்பாவிலேயே ஒரு 'இனிஷியல்' நாடு

ஐஸ்லாந்தில் இன்றும் பெரும்பாலானவர்களுக்குக் குடும்பப் பெயர் கிடையாது. பாடகி பியோர்க்கின் முழுப்பெயர் பியோர்க் குட்முன்ஸ்டோட்டிர், அதாவது குட்முன்டுரின் மகள். ஒரே வீட்டில் அப்பா, அம்மா, மகன், மகள் நாலு பேருக்கும் நாலு விதமான பின்பெயர் இருப்பது அங்கே சகஜம். டெலிபோன் டைரக்டரியையே சொந்தப் பெயர் வரிசையில்தான் அச்சிட்டார்கள். பிரதமரையும் சொந்தப் பெயர் சொல்லித்தான் கூப்பிடுவார்கள். சர்நேம் இல்லாமல் ஒரு நவீன நாடு நன்றாகவே நடக்கிறது.

அப்போ ஃபார்மில் என்னதான் போடுவது?

* இந்திய பாஸ்போர்ட்டில் சர்நேம் கட்டத்தைக் காலியாக விட முடியும். ஆனால் வெளிநாட்டில் சிக்கல் வரலாம். அமெரிக்க விசாவில் உங்கள் முழுப்பெயரும் சர்நேம் இடத்துக்குப் போய், முதல் பெயர் இடத்தில் 'எஃப்.என்.யு', அதாவது 'முதல் பெயர் தெரியவில்லை' என்று அச்சாகிவிடும்.

* பாஸ்போர்ட்டில் ஒற்றைப் பெயர் மட்டும் உள்ளவர்களுக்கு விசிட் விசா இல்லை என்று 2022 நவம்பரில் ஐக்கிய அரபு அமீரகம் அறிவித்தது. பாஸ்போர்ட்டின் இன்னொரு பக்கத்தில் அப்பா பெயரோ குடும்பப் பெயரோ இருந்தால் போதும் என்று பிறகு தளர்த்தினார்கள். டிக்கெட் போடும் முன் அப்போதைய விதியைப் பார்த்துக்கொள்ளுங்கள்.

* பாஸ்போர்ட் விண்ணப்பத்தில் இனிஷியலை விரித்து எழுத வேண்டும். அப்பா பெயரையே சர்நேமாகப் போடுவது பலரும் பின்பற்றும் வழி. ஜான்சனும் ஹான்சனும் பிறந்தது அப்படித்தானே? இதற்காகச் சாதிப் பட்டத்தைத் தேடிப் போக வேண்டிய அவசியம் துளியும் இல்லை.

* எதைப் போட்டாலும் பாஸ்போர்ட், பான் கார்டு, ஆதார், டிகிரி சான்றிதழ் எல்லாவற்றிலும் எழுத்துக்கு எழுத்து ஒரே மாதிரி இருக்கட்டும். பல இடங்களில் பிரச்னை வருவது சர்நேம் இல்லாததால் அல்ல, ஒவ்வொரு ஆவணத்திலும் ஒவ்வொரு மாதிரி இருப்பதால்தான்.

* குழந்தைக்குப் பிறப்புச் சான்றிதழ் வாங்கும்போதே இனிஷியலின் விரிவு எது, அப்பா பெயரா, அம்மா பெயரா, இரண்டுமா என்று வீட்டில் பேசி முடிவு செய்துவிடுங்கள். பதினெட்டு வருஷம் கழித்து பாஸ்போர்ட் ஆபீஸ் வரிசையில் நின்று யோசிப்பதைவிட அது எளிது.