வீட்டுக்கு ஓர் ஆள்

ஆடி மாதம் கொல்லிமலைச் செம்மேட்டில் வல்வில் ஓரி விழா நடக்கும். பெரக்கரை நாடு, வாழவந்தி நாடு, வளப்பூர் நாடு என்று மலையின் நாடுகளிலிருந்து சனம் வந்து கூடும், வில்வித்தைப் போட்டியும் உண்டு. விழாவின் பெருமையெல்லாம் ஓரியின் வில்லுக்குத்தான். ஆனால் ஓரியைக் கொன்றவனும் தமிழ் பேசியவனே: திருக்கோவலூர் மலையமான் திருமுடிக்காரி. கொன்ற பிறகு மலையை அவன் வைத்துக்கொள்ளவில்லை, சேரனிடம் கொடுத்துவிட்டான். மூவேந்தரில் யார் கூப்பிட்டாலும் படையோடு போய் நின்றவன் என்பதுதான் காரியின் புகழ். பெரிய அரசர்களுக்கே சொந்தப் படை போதாமல், பக்கத்து மலைக்காரனை அழைக்க வேண்டியிருந்தது.

இந்த ஆள் தட்டுப்பாட்டை நம் காலத்தில் பார்க்க ஈழப் போரைவிட நெருக்கமான பாடம் இல்லை. அதன் ஒரு நுனி இந்தப் பக்கத்திலேயே இருக்கிறது. கொல்லிமலைக்கு வடமேற்கே, மேட்டூர் அணைக்கு அருகில் உள்ள கொளத்தூரில் 1980-களின் நடுவில் விடுதலைப் புலிகள் பயிற்சி எடுத்தார்கள்.

வெளிநாட்டோடு போர் என்றால் எல்லை ஒரு பக்கம், ஊர் மறுபக்கம். உள்நாட்டுப் போரில் ஊரே எல்லை. அரசும் அதை எதிர்ப்பவரும் ஒரே நாட்டு மக்களிடமிருந்துதான் ஆளையும் அரிசியையும் காசையும் எடுக்க வேண்டும். துப்பாக்கியை வாங்கலாம், பிடுங்கலாம், கப்பலில் இறக்கலாம். ஆளை அப்படிச் செய்ய முடியாது. ஆளை எப்படிச் சேர்த்தார்கள் என்பதே பிறகு அந்தப் படை எப்படி நிற்கும், எப்படி உடையும் என்பதையும் முடிவு செய்துவிடுகிறது.

முதலில் அரசுப் படை. இலங்கைத் தரைப்படை 1949-இல் உருவானது. 1962-இல் சில அதிகாரிகள் ஆட்சியைக் கவிழ்க்க முயன்று தோற்றார்கள். அதன் பிறகு படையின் இனக் கலவை மாறத் தொடங்கியது. தமிழ் அதிகாரிகள் குறைந்துகொண்டே போனார்கள். 1983-இல் போர் மூண்டபோது அது ஏறத்தாழ 12 ஆயிரம் பேர் கொண்ட சிறிய படை. அதில் பெரும்பாலோர் சிங்களவர். யாழ்ப்பாணத்தில் ரோந்து போகும் சிப்பாய்க்கு ஊர்ப் பேச்சு புரியாது. எந்தப் பையன் மாணவன், எவன் இயக்கம் என்று அவனுக்குத் தெரியாது. தெரியாதவன் எல்லோரையும் பிடிப்பான். பிடித்தால், அதுவரை சும்மா இருந்த வீட்டிலிருந்தும் ஒருவன் இயக்கத்துக்குப் போவான். 1983 ஜூலை 23 அன்று யாழ்ப்பாணத்துத் திருநெல்வேலியில் நடந்த தாக்குதலில் 13 சிப்பாய்கள் இறந்தார்கள். தொடர்ந்த கறுப்பு ஜூலைக் கொலைகள் எல்லாத் தமிழ் இயக்கங்களுக்கும் ஒரே மாதத்தில் ஆள் சேர்த்துக் கொடுத்தன. எந்தப் பிரசாரமும் அதைச் செய்திருக்க முடியாது.

அந்தப் படை 2009-இல் 2 லட்சத்தை எட்டியது. யாரையும் கட்டாயமாகச் சேர்க்கவில்லை, இழுத்தது சம்பளம். அநுராதபுரம், குருநாகல் போன்ற வறண்ட மாவட்டங்களில், மழை பொய்த்தால் வேறு வழியில்லாத விவசாயக் குடும்பங்களில் இருந்து பையன்கள் வந்தார்கள். மாதச் சம்பளம் வீட்டுக்குக் கூரை போட்டது. இறந்தால் வந்த இழப்பீடு சிமெண்டு வீடாக நின்றது. ஆனால் சம்பளத்துக்கு வந்தவன், சாவு நிச்சயம் என்று தெரிந்தால் விடுமுறையில் ஊருக்குப் போய்த் திரும்ப மாட்டான். 1996 ஜூலையில் முல்லைத்தீவு முகாம் புலிகளிடம் விழுந்து ஆயிரத்துக்கும் மேற்பட்ட சிப்பாய்கள் இறந்தார்கள். 1997 மே மாதம் யாழ்ப்பாணம் போகும் ஏ-9 சாலையைத் திறக்கத் தொடங்கிய ‘ஜயசிக்குறு’ நடவடிக்கை ஒன்றரை வருடம் இழுத்து, சாலை திறக்காமலே கைவிடப்பட்டது. இந்த ஆண்டுகளில் ஓடிப்போனவர்கள் பல்லாயிரம். அரசு தண்டிக்கவும் முடியாமல், விடவும் முடியாமல் பொதுமன்னிப்பு மேல் பொதுமன்னிப்பு அறிவித்தது. எல்லோரையும் சிறையில் போட்டால் போர்முனைக்கு யார் போவது?

சிப்பாயின் குடும்பத்தைத் தொட்டால் படை கலையும் என்று ஒரு கணக்கு உண்டு. தெற்கில் கிளர்ச்சி செய்த ஜே.வி.பி. 1989-இல் இதைப் போட்டுப் பார்த்தது: படையை விட்டு விலகு, இல்லையென்றால் உன் வீட்டாரைக் கொல்வோம். அதுவரை அரசுக்காக அரைமனதோடு சுட்டவன், அதற்குப் பிறகு தன் அம்மாவுக்காகச் சுட்டான். அந்த நவம்பரிலேயே அதன் தலைவர் ரோகண விஜேவீர பிடிபட்டுக் கொல்லப்பட்டார், கிளர்ச்சி நசுங்கியது. ஒரு படையை ஒட்டவைக்கும் பசையை அதன் எதிரியே கொண்டுவந்து கொடுத்த கதை இது.

புலிகளின் படை வேறு வகை. சம்பளம் கிடையாது. சம்பளத்தின் இடத்தில் உறுதிமொழி, புதுப் பெயர், கழுத்தில் சயனைட் குப்பி. ஓடுவதையும் உயிரோடு பிடிபடுவதையும் அந்தக் குப்பி ஒரே சமயத்தில் தடுத்தது. இறந்தவர்களுக்கு என்ன செய்வது என்பதும் படை நடத்துவோரின் கவலைதான். சைவக் குடும்பங்களில் எரிப்பதே வழக்கம். புலிகளோ புதைத்தார்கள். வரிசை வரிசையாகக் கல்லறைகள் கொண்ட துயிலும் இல்லங்களை எழுப்பி, ஒவ்வொரு நவம்பர் 27-ஆம் தேதியும் விளக்கேற்றினார்கள். மகனுக்கு ஒரு கல், ஒரு பெயர், ஊரே வணங்கும் ஒரு நாள். ஓய்வூதியம் தர முடியாத படை கொடுத்த ஓய்வூதியம் அது என்பது என் கணிப்பு. இதில் உண்மையான உணர்ச்சியும் இருந்தது, திட்டமும் இருந்தது. இரண்டையும் பிரித்துப் பார்ப்பது கடினம்.

காசுக்கு வரி, வெளிநாட்டுத் தமிழரின் பணம், வீட்டுக்கு இரண்டு பவுன் தங்கம். ஆயுதத்துக்குக் கப்பல்களும், விழுந்த முகாம்களும். சாப்பாட்டு விஷயம்தான் விசித்திரம். புலிகளின் கட்டுப்பாட்டில் இருந்த வன்னிக்கும் கொழும்பு அரசே அரிசி அனுப்பியது, ஆசிரியர்களுக்கும் அரச அதிபர்களுக்கும் சம்பளம் கொடுத்தது. கொடுக்காவிட்டால் அவர்கள் தன் குடிமக்கள் இல்லை என்று தானே ஒப்புக்கொண்டதாகிவிடும். கொடுத்தால் அதில் ஒரு பங்கு எதிரியின் சமையலறைக்குப் போகும். அதனால் அரிசி போனது. பெட்ரோல், சிமெண்டு, பேட்டரி தடுக்கப்பட்டன. யாழ்ப்பாணத்தில் மோட்டார் சைக்கிள்கள் மண்ணெண்ணெயில் ஓடின.

கட்டாயப்படுத்திச் சேர்த்தால் என்ன ஆகும் என்பதற்கு முதல் உதாரணம் புலிகள் அல்ல, அவர்களின் எதிரிகள். 1989-இல் இந்திய அமைதிப்படை கிளம்பத் தயாரானபோது, புலிகளை எதிர்த்த வரதராஜப் பெருமாளின் வடகிழக்கு மாகாண அரசைக் காக்க ‘தமிழ் தேசிய இராணுவம்’ ஒன்றை அவசரமாகக் கட்டினார்கள். தெருவிலும் பஸ்ஸிலும் பையன்களைப் பிடித்தார்கள். பள்ளிப் பிள்ளைகளும் தப்பவில்லை. சில வாரப் பயிற்சி, கையில் துப்பாக்கி. அமைதிப்படை மாவட்டம் மாவட்டமாக வெளியேற, புலிகள் பின்னாலேயே வந்தார்கள். பிடித்து வரப்பட்டவர்கள் செத்தார்கள், சரணடைந்தார்கள், ஓடினார்கள். 1990 மார்ச்சில் அமைதிப்படையும் போனது, பெருமாளும் இந்தியா போய்ச் சேர்ந்தார். அந்தப் பையன்களின் தாய்மார் யாரைத் திட்டியிருப்பார்கள்? துப்பாக்கியால் சுட்டவனையா, பஸ்ஸிலிருந்து இறக்கியவனையா?

இதைக் கண்ணால் கண்ட புலிகளே பிறகு அந்தப் பாதையில் போனார்கள் என்பதுதான் இதில் கனமான பகுதி. இழப்புகள் கூடக் கூட, தானாக வருபவர்கள் குறைந்தார்கள். அரசோடு செய்துகொண்ட போர்நிறுத்தத்தின் காலத்திலிருந்து யுனிசெஃப் பதிவு செய்த சிறார் சேர்ப்புகள் மட்டும் 6,000-க்கு மேல். 2004 மார்ச்சில் கிழக்குத் தளபதி கருணா பிரிந்தார். கிழக்கின் பிள்ளைகள் வடக்கில் போய்ச் சாகிறார்கள், பதவிகள் வடக்குக்காரரிடம் என்பது அவர் சொன்ன குறை. சொன்னவரின் நோக்கம் எதுவாக இருந்தாலும், கேட்டவர்களுக்கு அது புதிய செய்தி இல்லை. ஏப்ரலில் வெருகலில் ஒரே இயக்கத்துப் பிள்ளைகள் ஒருவரையொருவர் சுட்டார்கள். கருணா தன் படையைக் கலைத்து ஆயிரக்கணக்கானோரை வீட்டுக்கு அனுப்பினார், அவர்களில் பலர் சிறுவர்கள். ஒரு படையின் பெரும் பகுதியை எதிரியின் பீரங்கி இல்லாமல், ஒரு மனக்குறையே எடுத்துக்கொண்டு போய்விட்டது.

மிச்சச் சுமை வன்னியின் தலையில் விழுந்தது. வீட்டுக்கு ஓர் ஆள் என்றார்கள், கடைசி மாதங்களில் அந்தக் கணக்கும் நிற்கவில்லை. பெற்றோர் பிள்ளைகளுக்கு அவசரக் கல்யாணம் செய்து வைத்தார்கள், ஏனென்றால் கல்யாணமானவர்களை முதலில் விட்டுவைத்தார்கள். பங்கருக்குள் ஒளித்து வைத்தார்கள். ஓடினால் அடையாளம் தெரியட்டும் என்று பிடிபட்ட பெண்பிள்ளைகளின் தலைமுடியைப் புலிகள் ஒட்ட வெட்டினார்கள். எதிர்ப்பக்கம் அதே ஆண்டுகளில், தரைப்படைத் தளபதி சரத் பொன்சேகாவின் கீழ் அரசுப் படை பெரும் ஆள்சேர்ப்பு நடத்தி, எட்டுப் பேர் கொண்ட சிறு குழுக்களாகக் காட்டுக்குள் நுழையப் பழகியிருந்தது. 2007-க்குள் புலிகளின் ஆயுதக் கப்பல்களைக் கடற்படை ஆழ்கடலிலேயே மூழ்கடித்துவிட்டது. 2009 மே மாதம் எல்லாம் முடிந்தது. சரணடைந்தவர்களும் பிடிபட்டவர்களுமாக 11 ஆயிரம் பேருக்கு மேல் ‘புனர்வாழ்வு’ முகாம்களுக்குப் போனார்கள்.

கட்டிய படையைக் கலைப்பது வேறொரு வேலை. போர் முடிந்தும் இலங்கை அந்த 2 லட்சம் பேருக்குச் சம்பளம் கொடுத்துக்கொண்டே இருந்தது. நாடு திவாலான பிறகுதான், 2023 ஜனவரியில், படையை 2030-க்குள் ஒரு லட்சமாகக் குறைப்போம் என்று அறிவித்தது. 2024 ஏப்ரலில் இன்னொரு பொதுமன்னிப்பு வந்தது. எப்போதோ ஓடிப்போன 15 ஆயிரத்துக்கும் மேற்பட்டோர் பெயர் பெயராகச் சரிபார்க்கப்பட்டு, முறைப்படி விடுவிக்கப்பட்டார்கள்.

ஓடியவனின் பெயர் பேரேட்டில் பத்திரமாக இருந்திருக்கிறது. கிளிநொச்சியில் கந்தசாமி கோயில் முன் 2017 பிப்ரவரி 20 அன்று தாய்மார் காணாமல்போன பிள்ளைகளின் படங்களோடு உட்கார்ந்தார்கள். அவர்கள் கேட்டவற்றில் ஒன்று, சரணடைந்தவர்களின் பெயர்ப் பட்டியல்.